கதவில் இருந்த பெயர்

ஃபேலாவின் மூச்சு நின்றபோது அப்போலோனியா அடுப்படியில் உருளைக்கிழங்கு வடித்துக்கொண்டிருந்தாள். நான்கு நாட்களாகக் கட்டிலிலிருந்து வந்துகொண்டிருந்த சத்தம், நனைந்த கயிற்றை மரத்தில் இழுப்பது போன்ற அந்தச் சத்தம், சட்டென்று இல்லாமல் போனது. முதலில் அவளுக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. பிள்ளை கண்ணயர்ந்துவிட்டாள் என்று நினைத்தாள். பானையை இறக்கி வைத்து, கையைத் துடைத்துக்கொண்டு, மூன்று தட்டுகளை எடுத்து வைத்த பிறகுதான் திரும்பிப் பார்த்தாள். தொண்டை அடைப்பான் என்று அவளாகத்தான் முடிவு செய்திருந்தாள். மருத்துவர் பதினெட்டு கிலோமீட்டர் தள்ளி நகரத்தில் இருந்தார். அவளுடைய குதிரையை இலையுதிர்காலத்திலேயே ஜெர்மன்காரர்கள் ஓட்டிக்கொண்டு போயிருந்தார்கள். யவோரெக் கிராமத்தில் முழங்கால் அளவுக்குப் பனி கிடந்தது. 1943-ஆம் ஆண்டு ஜனவரி மாதம். ஃபேலாவுக்குப் பதினோரு வயது.

மூன்றாவது தட்டு கொட்டகையில் இருந்தவளுக்கு.

நவம்பரில் ஒரு காலை வைக்கோல் எடுக்கப்போன இடத்தில் அப்போலோனியா அவளைப் பார்த்தாள். நகரத்துக் கண்ணாடிக்காரரின் மகள். பெயர் சிவியா. போருக்கு முன்னால் இந்த வீட்டு ஜன்னல்களுக்குக் கண்ணாடி பொருத்த வந்த மனிதரோடு ஒருமுறை வண்டியில் உட்கார்ந்து வந்திருந்தாள். அக்டோபரில் நகரத்து யூதர்கள் எல்லாரையும் ரயிலில் ஏற்றிவிட்டார்கள் என்று ஊரே பேசிக்கொண்டது. இவள் எப்படித் தப்பினாள் என்று அப்போலோனியா கேட்கவில்லை. கேட்டால் பிறகு விரட்ட முடியாது என்று தோன்றியது. ஒவ்வொரு ஞாயிறும் பூசை முடிந்து திரும்பும்போது, இந்த வாரம் போகச் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்துக்கொள்வாள். ஃபேலாதான் சாப்பாடு எடுத்துக்கொண்டு போவாள். போனால் சீக்கிரம் வரமாட்டாள். தலைமுடியில் வைக்கோலும் கன்னத்தில் குளிருமாகத் திரும்புவாள். இரண்டும் அங்கே உட்கார்ந்து என்ன பேசும், எதற்குச் சிரிக்கும் என்று தாய்க்குத் தெரியாது. இப்போது கட்டிலின் அருகே நின்றபோது அவளுக்கு அந்தக் கொட்டகையின் குளிர்ந்த தரை மட்டுமே ஞாபகம் வந்தது. அங்கேதான் என் பிள்ளைக்கு ஒட்டியது, அவளிடமிருந்துதான் ஒட்டியது என்று நினைத்தாள்.

தட்டை எடுத்துக்கொள்ளாமல் கொட்டகைக்குப் போனாள்.

"வெளிய வா," என்றாள்.

சிவியா வைக்கோலுக்குள்ளிருந்து தலையை நீட்டினாள். "ஃபேலாவுக்கு எப்படியிருக்கு?"

"செத்துட்டா. நீ போயிரு. இப்பவே போ. நாளைக்கு ஊருப் பொம்பளைங்கல்லாம் வருவாங்க. பெட்டி அடிக்கப் பலகை எடுக்க ஆம்பளைங்க இங்கதான் வருவாங்க. நீ இங்க இருக்கக் கூடாது."

அந்தப் பெண் அழவில்லை. எழுந்து பாவாடையைத் தட்டிவிட்டுக்கொண்டாள். காலில் சாக்குத்துணி சுற்றியிருந்தது. கதவுவரை வந்து வெளியே பார்த்தாள். வெயிலில் பனி கண்ணைக் கூச வைத்தது. கொட்டகையிலிருந்து காடுவரை ஒரு சுவடுகூட இல்லாமல் வெள்ளையாகக் கிடந்தது.

"நடந்தா தடம் விழும்," என்றாள் அவள், மெதுவாக. "இங்கருந்துதான் போனேன்னு தெரிஞ்சிரும்."

அது உண்மைதான். அப்போலோனியா கதவைச் சாத்திவிட்டுத் திரும்பினாள். இன்னும் ஒரு பனி விழட்டும், தடத்தை மூடட்டும், அதன் பிறகு அவளை அனுப்பிவிட்டுக் கோவிலில் சாவு மணியடிக்கச் சொல்லலாம் என்று முடிவு செய்தாள். ஃபேலாவைக் குளிப்பாட்டி, முதல் நற்கருணைக்குத் தைத்த வெள்ளைச் சட்டையை மாட்டிவிட்டாள். சட்டை கையில் நாலு விரல் குட்டையாக இருந்தது. தீ மூட்டாத பின்னறையில் மேசைமேல் படுக்க வைத்தாள். அன்றும் பனி விழவில்லை. மறுநாளும் விழவில்லை.

மூன்றாம் நாள் காலை ஊர்த்தலைவர் வாலென்டி வந்தார். ஜெர்மன்காரர்கள் ஆணைப்படி ஒவ்வொரு வீட்டுக் கதவிலும் அங்கே இருப்பவர்களின் பெயரும் வயதும் எழுதி ஒட்டியிருக்க வேண்டும். பட்டியலில் இல்லாத ஒருவர் வீட்டில் இருந்தாலும் சரி, இருப்பவர் ஒருவர் குறைந்தாலும் சரி, வாலென்டிதான் பதில் சொல்ல வேண்டும். அவர் இந்த வேலையைக் கேட்டு வாங்கவில்லை. அந்த ஊரில் ஜெர்மன் மொழி கொஞ்சம் படிக்கத் தெரிந்தவர் அவர் ஒருவர்தான், அவ்வளவே. குளிரில் மூக்கு ஒழுக, வாசலிலேயே நின்று கதவிலிருந்த தாளைப் படித்தார்.

"அப்போலோனியா, முப்பத்தெட்டு. ஃபெலிட்ஸ்யா, பதினொண்ணு. ரெண்டு பேரும் இருக்கீங்கல்ல?"

ஃபெலிட்ஸ்யா என்பது ஃபேலாவின் முழுப்பெயர். பல வருடங்கள் கழித்தும் அப்போலோனியா அந்த நொடியைப் பற்றி யோசித்திருக்கிறாள். அவள் துணிந்து எதையும் தீர்மானிக்கவில்லை. யாரையும் காப்பாற்ற வேண்டும் என்று நினைக்கவில்லை. இல்லை என்று சொன்னால் வாலென்டி தொப்பியைக் கழற்றிவிட்டு உள்ளே வருவார், பின்னறைக்குப் போவார், பிறகு பலகை பார்க்கக் கொட்டகைக்குப் போவார் என்பது மட்டும் தெரிந்தது.

"இருக்கோம், அண்ணே," என்றாள்.

அவர் பென்சிலால் ஒரு கோடு போட்டுவிட்டு அடுத்த வீட்டுக்கு நடந்தார்.

வெளியே மண் கல்லாக உறைந்திருந்தது. கொட்டகைக்குள், வைக்கோல் போருக்குக் கீழே மட்டும் மண்வெட்டி இறங்கியது. பகல் முழுக்க அவளும் சிவியாவும் வெட்டினார்கள். பக்கத்து வீட்டில் யாரோ கதிரடித்துக்கொண்டிருந்தார்கள். அந்த அடி விழும்போதெல்லாம் இவர்களும் மண்வெட்டியை இறக்கினார்கள். சிவியா கையால் மண்ணை அள்ளிப் போட்டாள். போர்வையில் சுற்றிய உடலின் தலைப்பக்கத்தைத் தாய் பிடித்துக்கொண்டாள், கால்பக்கத்தை அவள் பிடித்துக்கொண்டாள். மூடி முடித்ததும் அப்போலோனியா தெரிந்த செபங்களை எல்லாம் சொன்னாள். சாமியார் சொல்ல வேண்டிய பகுதி வந்தபோது அது தெரியாமல் நிறுத்தினாள்.

"இனி நீதான் ஃபேலா," என்றாள். "யாராவது கூப்பிட்டா உடனே திரும்பணும். யோசிக்கக் கூடாது."

வீட்டுக்குள் கொண்டுவந்து மகளின் உடைகளைக் கொடுத்தாள். செபங்களை மனப்பாடம் செய்ய வைத்தாள். சிலுவைக் குறி போடக் கற்றுக்கொடுத்தாள். முதுகுப் பக்கமிருந்து திடீரென்று "ஃபேலா!" என்று கத்துவாள். அவள் திரும்பாவிட்டால் அடிப்பாள். அவள் சரியாகத் திரும்பிவிட்டால் அப்போலோனியாவுக்கு அதைவிட மோசமாக இருக்கும். அந்தப் பெயருக்கு வேறொரு முகம் திரும்பிப் பார்ப்பதை அவளால் தாங்க முடியவில்லை. மாட்டுக் கொட்டிலுக்குப் போய், பசுவின் வயிற்றில் நெற்றியை முட்டிக்கொண்டு நிற்பாள்.

வீடு ஊருக்குக் கடைசியில், காட்டோரமாக இருந்தது. அதனால் இரண்டு வாரம் ஓடியது. பிப்ரவரி இரண்டாம் தேதி, மெழுகுவர்த்தித் திருநாள் அன்று, ஹொனொராத்தா வந்தாள். அவள் ஃபேலாவின் ஞானத்தாய். அப்போலோனியாவைவிட ஐந்து வயது மூத்தவள், பருமனான, சத்தமாகப் பேசுகிற பெண். தனக்கு நான்கும் ஆண்பிள்ளைகள் என்பதால் ஃபேலாவைத் தன் மகள் என்றே சொல்லுவாள். கோவிலில் மந்திரித்த மெழுகுவர்த்தி ஒன்றைக் கம்பளிக்குள் வைத்துக் கொண்டுவந்திருந்தாள்.

"ரெண்டு ஞாயிறு பூசைக்கு வரலியே, என்னடி? பிள்ளைக்கு மேலுக்கு முடியலியா? ஏ ஃபேலா! கழுதை, எங்கடி இருக்கே?"

அடுப்பருகே உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தவள், கற்றுக்கொடுத்தபடியே, யோசிக்காமல் திரும்பினாள்.

ஹொனொராத்தா அந்த முகத்தைப் பார்த்தாள். அவள் போட்டிருந்த, தானே பின்னிக் கொடுத்த நீலக் கம்பளிச் சட்டையைப் பார்த்தாள்.

"எங்கடி என் பொண்ணு?" என்று கேட்டாள். குரல் எழும்பவே இல்லை.

அப்போலோனியா கொட்டகைப் பக்கம் கையைக் காட்டினாள். ஹொனொராத்தா கையிலிருந்த மெழுகுவர்த்தியோடு பெஞ்சில் உட்கார்ந்தாள். சாகப் போகிறவர் கையில் கொடுக்கிற மெழுகுவர்த்தி அது.

"எப்போ?"

"பதினஞ்சு நாளாச்சுக்கா."

"பதினஞ்சு நாள். நான் பத்து வீடு தள்ளி இருக்கேன். வந்து அவ மூஞ்சியப் பாக்க விடலியே நீ. நாய்க்குட்டி மாதிரி பொதச்சுட்டு வந்திருக்கே." பிறகு சிவியாவைக் காட்டி, "இவளுக்காக!" என்றாள். "எனக்கு நாலு இருக்குடி வீட்டுல. இவ இங்க இருக்கான்னு தெரிஞ்சா உன் வீட்டோட நிக்குமா? ஊரையே கொளுத்துவான். தெரியுமா, தெரியாதா?"

"தெரியும்."

"தெரிஞ்சே செஞ்சியா?"



ஹொனொராத்தா வெளியில் யாரிடமும் சொல்லவில்லை, தன் கணவன் லுட்விக்கிடம் மட்டும் சொன்னாள். ஆனாலும் ஒரு வாரத்தில் ஊருக்குத் தெரிந்துவிட்டது. யாரும் இவள் வீட்டுப் பக்கம் வருவதில்லை. கிணற்றடியில் இவள் போனால் பேச்சு நின்றுவிடும். ஒரு காலை வாலென்டி வந்து சமையலறையில் உட்கார்ந்தார். அடுப்பருகே நின்ற சிறுமியின் பக்கம் அவர் பார்வையைத் திருப்பவே இல்லை.

"நாப்பத்தொரு வீடு இருக்கு, அப்போலோனியா. பனி உருகினதும் இவள எங்கயாச்சும் அனுப்பிரு. நான் கையெடுத்துக் கும்பிடுறேன்."

"சரிண்ணே. என் பொண்ணு ஜனவரிலயே செத்துட்டான்னு எழுதிக்குங்க. அனுப்பிடுறேன்."

ஜனவரிப் பட்டியலில் ஃபெலிட்ஸ்யா இருக்கிறாள் என்று கையெழுத்திட்டு அனுப்பியது அவர்தான். இப்போது பிள்ளை செத்துவிட்டாள் என்றால் எப்போது, எங்கே, பிணம் எங்கே என்று கேட்பார்கள்.

"என்னயும் சேத்து மாட்டி விட்டுட்டே," என்றார். தொப்பியை எடுத்துக்கொண்டு போனார்.

மே மாதம், ஆப்பிள் மரங்கள் பூத்திருந்த ஒரு காலையில், இரண்டு லாரிகளில் ஜெர்மன் போலீஸ் வந்தது. பக்கத்து ஊர்ப் பால்பண்ணையை யாரோ கொளுத்தியிருந்தார்கள். ஊர் மொத்தத்தையும் பள்ளிக்கூடத்துக்கு எதிரிலிருந்த புல்வெளியில் நிற்கச் சொன்னார்கள். ஆண்கள் ஒரு பக்கம் ஒரே வரிசையில், பெண்களும் பிள்ளைகளும் எதிர்ப்பக்கம். வாலென்டியிடமிருந்து பட்டியலை வாங்கி ஒவ்வொரு பெயராகப் படித்தார்கள். "ஃபெலிட்ஸ்யா" என்றதும் சிவியா ஒரு அடி முன்னால் வந்தாள். சரியாகத்தான் வந்தாள். ஆனால் அந்த அதிகாரி அவளை வேண்டிய நேரத்தைவிடக் கொஞ்சம் அதிகமாகப் பார்த்தான். ஆறு மாதம் வெயில் படாத முகம். பதினோரு வயதுக்கு மீறிய உயரம்.

அவன் என்னவோ சொன்னான். மொழிபெயர்ப்பவன் பெண்கள் பக்கம் திரும்பினான்.

"இந்தப் பிள்ளைய யாருக்குத் தெரியும்? தாய்க்காரி பேசக் கூடாது. வேற யாராச்சும்."

யாரும் பேசவில்லை. நாற்பத்தொரு வீட்டுக்காரர்களும் தரையைப் பார்த்தார்கள். அப்போலோனியா அவர்கள்மேல் கோபப்படவில்லை. அவள் அந்த இடத்தில் இருந்திருந்தாலும் தரையைத்தான் பார்த்திருப்பாள். மௌனம் நீண்டுகொண்டே போனது. மௌனமே ஒரு பதில்தான் என்பது அந்த அதிகாரிக்குப் புரியத் தொடங்கிய நேரத்தில் ஹொனொராத்தா கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தாள்.

"எனக்குத் தெரியும்," என்றாள். "நான் அவளோட ஞானத்தாய். ஞானஸ்நானத்துக்கு இந்தக் கையாலதான் தூக்கிட்டுப் போனேன். அன்னைக்கு மழை. கோவில் போய்ச் சேர்றவரைக்கும் என் விரலச் சப்பிக்கிட்டே வந்தா. ஓட்ஸ் அறுப்பு நேரத்துல பொறந்தா. நாலு வயசுல எங்க வாத்து கடிச்சிருச்சு, அதுலருந்து வாத்துன்னா பயம். பாலாடை பிடிக்காது, தட்டுக்கு அடியில ஒளிச்சு வச்சிருவா. பாட்டுப் பாடுனா சுருதியே சேராது. ஆனா கோவில்ல எல்லாரையும்விடச் சத்தமா பாடுறது அவதான். நான் திட்டுவேன். சும்மா திட்டிக்கிட்டே இருப்பேன் அவள. ஒரு நாளு…"

அவளால் முடிக்க முடியவில்லை. வாயைத் திறந்தபடி, கண்ணீரும் சளியுமாக, அந்த மனிதர்களுக்கு முன்னால் நின்று அழுதாள். பெண்கள் வரிசையிலும் ஒவ்வொருத்தியாக அழ ஆரம்பித்தார்கள். ஜனவரியிலிருந்து யாரும் அழ முடியாமல் வைத்திருந்த அழுகை அது. மொழிபெயர்ப்பவன் பாதியைத்தான் சொல்லியிருப்பான். அதிகாரிக்குச் சலித்துவிட்டது. பயந்த பொம்பளைகள் என்று நினைத்திருப்பான். கையை வீசி, அடுத்த பெயருக்குப் போகச் சொன்னான்.

மனைவி முன்னால் வந்தபோது, எதிர்ப்பக்கம் நின்றிருந்த லுட்விக்கால் நின்ற இடத்தில் நிற்க முடியவில்லை. யாரும் பார்க்காத சமயத்தில், மூன்று பேரைத் தாண்டி, அவளுக்குப் பக்கமாக இருந்த வரிசை முனையை நோக்கி நகர்ந்து நின்றுகொண்டார். ஏதாவது ஆனால் ஓடிப்போய்ப் பிடிக்கலாம் என்று நினைத்தாரோ என்னவோ. பெயர் படித்து முடிந்ததும் அந்த முனையிலிருந்துதான் எண்ணத் தொடங்கினார்கள். ஐந்துக்கு ஒருவர். முதல் ஐந்தாவது ஆள் லுட்விக்.

எட்டுப் பேரை மணல்மேட்டுக்குப் பின்னாலிருந்த சரளைக்கல் குழிக்கு நடத்திக்கொண்டு போனார்கள். மற்றவர்கள் புல்வெளியிலேயே நிற்க வேண்டியிருந்தது. துப்பாக்கிச் சத்தம் வந்தபோது ஹொனொராத்தாவின் கடைசிப் பையன் காதைப் பொத்திக்கொண்டான். அவள் அவனுடைய கையை விலக்கிவிட்டாள். ஏன் அப்படிச் செய்தாள் என்று யாருக்கும் தெரியவில்லை.

அன்றிலிருந்து ஹொனொராத்தா அப்போலோனியாவோடு பேசவில்லை. ஊர் பேசியது. "அந்தக் குட்டியாலதான் எட்டுப் பேரு போனாங்க," என்றது. பால்பண்ணை எரிந்ததற்கும் சிவியாவுக்கும் சம்பந்தம் இல்லை என்று எல்லாருக்கும் தெரியும். தெரிந்தாலும், பால்பண்ணையைக் கொளுத்தியவன் யார் என்று தெரியாது, சிவியா கண்ணெதிரே இருந்தாள். ஆனால் ஒருவரும் காட்டிக் கொடுக்கவில்லை. லுட்விக்கின் உயிர் போன பிறகு அந்தப் பொய்யைக் கலைக்க யாருக்கும் மனம் வரவில்லை என்று அப்போலோனியா சில சமயம் நினைத்தாள். சில சமயம், வெறும் பயம்தான் என்று நினைத்தாள்.

அடுத்த ஆண்டு கோடையில் ரஷ்யர்கள் வந்தார்கள், ஜெர்மன்காரர்கள் போனார்கள். குழியிலிருந்த எட்டுப் பேரையும் எடுத்துக் கல்லறைத் தோட்டத்தில் வரிசையாகப் புதைத்தார்கள். அப்போதும் அப்போலோனியா தன் கொட்டகையைத் திறக்கவில்லை. சிவியா இருக்கும்போது அதைச் செய்ய முடியாது என்று தோன்றியது. போர் முடிந்த வசந்தத்தில், பிழைத்த யூதப் பிள்ளைகளைத் தேடிச் சேர்க்கிற ஒரு பெண்மணி லூப்ளின் என்ற பெரிய நகரத்திலிருந்து வண்டி வைத்துக்கொண்டு வந்தாள். சிவியாவின் சித்தப்பா ஒருவர் உயிரோடு இருக்கிறார், கேட்டு எழுதியிருக்கிறார் என்றாள்.

சிவியா மூட்டையோடு வாசலில் நின்றாள். அவளுக்கு இப்போது பதினான்கு வயது.

"நான் போயிட்டு வரேம்மா."

"நான் உங்கம்மா இல்ல," என்றாள் அப்போலோனியா. "உங்கம்மா பேரு என்ன? சொல்லு."

அந்தப் பெண் வாயைத் திறந்தாள். பெயர் உடனே வரவில்லை. அவள் முகத்தில் பயம் பரவுவதை அப்போலோனியா பார்த்தாள். அந்தப் பயத்தை உண்டாக்கியவள் தானேதான் என்பதும் அவளுக்குத் தெரிந்தது.

"ஷைன்ட்லா," என்றாள் சிவியா கடைசியில். "ஷைன்ட்லா."

"மறக்காத. தினமும் சொல்லிக்கோ."

அப்போதுதான் முதல்முறையாக, அடிப்பதற்கு அல்லாமல், அவளைத் தொட்டாள். தலைத்துண்டின் முடிச்சு சரியாக இல்லை என்று அவிழ்த்துத் திரும்பக் கட்டிவிட்டாள். முடிச்சுப் போட்டு முடித்த பிறகும் கையை எடுக்க நேரமானது. வண்டி காட்டைச் சுற்றித் திரும்பும்வரை அந்தப் பெண் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனாள்.

மறுவாரம் அப்போலோனியா பங்குச் சாமியாரைப் போய்ப் பார்த்தாள். மகள் இறந்ததை ஏட்டில் எழுத வேண்டும், கோவில் மண்ணில் புதைக்க வேண்டும் என்றாள். சாமியார் வெகுநேரம் நெற்றியைத் தேய்த்தார்.

"எழுதிக்கலாம்மா. ஆனா சாட்சி ஒருத்தர் வேணும். உன்னத் தவிர ஒருத்தர். பிள்ளைய அடையாளம் சொல்லி, கைநாட்டு வைக்கணும்."

இரண்டு வருடத்துக்குப் பிறகு அவள் ஹொனொராத்தாவின் வேலியைத் தாண்டினாள். ஹொனொராத்தா வாசல் தோட்டத்தில் பீட்ரூட்டுக்குக் களை எடுத்துக்கொண்டிருந்தாள். பருமன் எல்லாம் வற்றிப்போயிருந்தது. நிமிரவில்லை.

"நாளைக்குக் காலையில அவள எடுக்கப் போறேன், அக்கா. கல்லறைக்குக் கொண்டுபோறேன். சாமி சாட்சி கேக்கறாரு."

ஹொனொராத்தா ஒரு களையைப் பிடுங்கி, வேரிலிருந்த மண்ணை உதறினாள்.

"அன்னைக்கு நான் வாயத் தொறக்காம நின்னிருந்தா அவரு எடத்த விட்டு நகந்திருக்க மாட்டாரு," என்றாள். "தினமும் எந்திரிச்சதும் இதான் நெனப்பு. பேசாம நின்னிருக்கலாமேன்னு. அடுப்பு பத்த வைக்கும்போது மறுபடி அந்த எடத்துல போய் நிக்கிறேன். மறுபடியும் பேசிடுறேன்டி, அப்போலோனியா. ஒவ்வொரு தடவையும் பேசிடுறேன்."

பிறகு, "போ," என்றாள். வருவேன் என்றும் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை.

விடிந்ததும் அப்போலோனியா தனியாகத் தோண்டினாள். எடுத்ததில் கனமே இல்லை. புதுப் பலகையில் அடித்த சின்னப் பெட்டியில் வைத்து, அதைக் கைவண்டியில் ஏற்றி, தெரு வழியாகத் தள்ளிக்கொண்டு போனாள். தூறல் போட்டது. சில வீடுகளில் ஜன்னல் கதவைச் சாத்தினார்கள். வாலென்டி வாசலில் தொப்பியைக் கழற்றிப் பிடித்துக்கொண்டு நின்றார், ஆனால் படியிறங்கவில்லை. ஹொனொராத்தாவின் வீட்டில் யாரும் இல்லை. கதவு திறந்து கிடந்தது. அப்போலோனியா அங்கே நிற்காமல் வண்டியைத் தள்ளினாள்.

குழி வெட்ட யாரும் கிடைக்காததால் மண்வெட்டியையும் வண்டியில் போட்டுக் கொண்டுவந்திருந்தாள். கல்லறைத் தோட்டத்தின் கதவைத் தோளால் தள்ளித் திறந்தாள். எட்டுச் சிலுவைகள் வரிசையாக நனைந்துகொண்டிருந்தன. லுட்விக்கின் சிலுவைக்கும் மதிலுக்கும் நடுவிலிருந்த கொஞ்சம் இடத்தில், இடுப்பளவு ஆழம் வெட்டிய குழிக்குள், பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு ஹொனொராத்தா நின்றிருந்தாள். வண்டிச் சத்தம் கேட்டும் அவள் தலையைத் தூக்கவில்லை. குனிந்தாள். மண்வெட்டி உள்ளே இறங்குகிற சத்தம் கேட்டது. ஈரமான மஞ்சள் மண் மேலே வந்து விழுந்தது, திரும்பவும் விழுந்தது, விழுந்துகொண்டே இருந்தது.